உளிச் சத்தத்தைப் பிடித்து வைக்க முடியுமா?

'டாகுமென்டரி' என்ற வார்த்தையைக் கேட்டதும் என் வயதுக்காரர்களுக்கு ஞாபகம் வருவது தியேட்டர் கேன்டீன்தான். மெயின் படத்துக்கு முன்னால் ஃபிலிம்ஸ் டிவிஷன்காரர்கள் ஒரு சுருளை ஓட்டுவார்கள். ஏதோ ஒரு கிராமத்தில் யாரோ ஒருவர் பானை வனைந்துகொண்டிருப்பார். பின்னணியில் கனத்த குரல் ஒன்று பானையின் பெருமையை எடுத்துரைக்கும். 'அவர் பானையை முடிக்கட்டும், நாம முறுக்கை முடிச்சுடலாம்' என்று பாதி தியேட்டர் எழுந்து வெளியே போய்விடும்.

1948-ல் ஆரம்பித்த ஃபிலிம்ஸ் டிவிஷன் 2022-ல் என்.எஃப்.டி.சி.யோடு இணைக்கப்பட்டுவிட்டது. அந்தப் பானைக்காரர்களில் எத்தனை பேர் இன்று இருப்பார்கள்? ஆனால், சக்கரத்தின் மேல் அவர்கள் கை எப்படிக் குவிந்தது, எந்த விநாடியில் நூலைப் போட்டுப் பானையை அறுத்து எடுத்தார்கள் என்பதெல்லாம் படச்சுருளில் இருக்கிறது. நாம் முறுக்கு தின்ற நேரத்தில் ஓடிய அந்தப் பத்து நிமிஷத்துக்கு இப்போது விலையே கிடையாது!

இந்த ஞானம் எனக்கு வந்தது கல்பாக்கத்தில்.

கல்பாக்கம் என்றதும் உங்களுக்கு அணு ஞாபகம் வரும். தப்பில்லை. எங்கள் ஊரில் எதற்கெடுத்தாலும் ஒரு ரெஜிஸ்டர் உண்டு. எந்தத் திருகை எந்தத் தேதியில் யார் மாற்றினார், யார் சரிபார்த்தார், யார் கையெழுத்துப் போட்டார் என்று பைண்டு பைண்டாக எழுதி வைக்கிற ஜாதி நாங்கள். இங்கிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே சுமார் பதினைந்து கிலோமீட்டர் போனால் மாமல்லபுரம். அங்கே பல்லவர் காலத்து வேலையை இன்றும் கையால் செய்துகொண்டிருக்கிறார்கள். அந்தக் கைக்கு ரெஜிஸ்டர் உண்டா?

இந்தக் கேள்வியை ஒரு மதியம் டிஃபன் பாக்ஸைத் திறக்கும்போது எங்கள் அக்கவுன்ட்ஸ் நண்பர்தான் கேட்டார். ஸ்டோர்ஸ் நண்பர், "ஞாயித்துக்கெழமை சும்மாதானே இருக்கோம், போய் படம் எடுத்துடுவோம்" என்றார். அவரிடம் தம்பி கல்யாணத்துக்கு வாங்கிய டிரைபாட் ஒன்று இருந்தது. தமிழ்நாட்டில் ஒரு சினிமா கம்பெனி ஆரம்பிக்க இதைவிடப் பெரிய காரணம் தேவையா?

வாங்கியவன் கணக்கு

மாமல்லபுரம் போவதற்கு முன்னால் எங்கள் காலடியில் இருக்கிற ஒரு பாடத்தைச் சொல்லிவிடுகிறேன். கல்பாக்கத்தை ஒட்டியே இருக்கிறது சதுரங்கப்பட்டினம். வெள்ளைக்காரன் வாயில் 'சட்ராஸ்' ஆன ஊர். கடலைப் பார்த்தபடி டச்சுக்காரர்களின் செங்கல் கோட்டை நிற்கிறது. உள்ளே அவர்களின் கல்லறைகள். அவற்றின் மேல் எழுத்தும் சித்திர வேலையுமாக நல்ல கல்தச்சு. இன்று தொல்லியல் துறைப் பராமரிப்பில், காதல் ஜோடிகளின் ஆதரவில் இருக்கிறது.

டச்சுக்காரன் இங்கே காற்று வாங்க வரவில்லை. துணி வாங்க வந்தான். இந்தப் பக்கத்து நெசவாளிகளின் மெல்லிய துணிக்கு அந்தக் காலத்தில் கடல் கடந்து கிராக்கி. எத்தனை பேல், என்ன விலை, எந்தக் கப்பல் என்று கணக்கு எழுதிக் குவித்த கம்பெனி அது. டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் பழைய காகிதங்களை இன்றும் தி ஹேக் நகரத்தில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். 2003-ல் யுனெஸ்கோவின் 'உலக நினைவு'ப் பட்டியலில்கூட அந்த ஆவணங்களைச் சேர்த்தார்கள்.

சரி, நெய்தவன்? பாவு எப்படி ஓட்டினான், அறுந்த இழையை எந்த விரலால் முறுக்கிச் சேர்த்தான், கஞ்சி எந்தப் பதத்தில் போட்டான்? கணக்கப்பிள்ளைக்கு அது தேவைப்படவில்லை. வாங்கியவன் கணக்கு பத்திரமாக இருக்கிறது. நெய்தவன் கை மண்ணோடு போய்விட்டது.

ஒரு கைத்தொழில் சாகும்போது முதலில் சாவது பொருள் அல்ல. பொருள் மியூசியத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் சௌகரியமாக இருக்கும். சாவது அதைச் செய்யும் விதம்தான்.

பாதியில் நின்ற பாறைகள்

மாமல்லபுரத்துக்கு டூரிஸ்ட்டாகப் போனால் அர்ஜுனன் தபசு, கடற்கரைக் கோயில், கிருஷ்ணன் வெண்ணெய் உருண்டை (முதுகு கொடுத்துத் தாங்குவது போல் ஒரு போட்டோ) என்று முடித்துக்கொண்டு மீன் வறுவலுக்குக் கிளம்பிவிடுவோம். கைத்தொழிலைப் பார்க்கிற கண்ணோடு போனால் வேறொரு ஊர் தெரிகிறது.

பஞ்ச ரதங்களையே எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்றுகூட முழுசாக முடிக்கப்படவில்லை. மேலே சிகரம் சுத்தமாக இருக்கும். கீழே வரவர வேலை குறையும். அடியில் முரட்டுப் பாறை. பல்லவச் சிற்பி மேலிருந்து கீழே செதுக்கிக்கொண்டு வந்திருக்கிறான் என்று யாரும் சொல்லாமலே தெரிகிறது. பாதியில் விட்ட குகைகளில் இன்னும் வேடிக்கை. சுவரைச் சதுரம் சதுரமாகப் பிரித்து, கோடுகளை ஆழமாக வெட்டி, நடுவில் நிற்கும் மேடுகளைத் தட்டி எடுத்திருக்கிறார்கள். சில சதுரங்களைத் தட்டிவிட்டார்கள். சிலது இன்னும் 'எப்போ வருவே?' என்று காத்திருக்கிறது. ஏழாம் நூற்றாண்டில் ஒருநாள் சாயங்காலம் உளியைக் கீழே வைத்துவிட்டுப் போனவன் மறுநாள் வரவே இல்லை.

அதாவது, முடிந்த சிற்பம் தன் ரகசியத்தை மூடிக்கொள்கிறது. முடியாத சிற்பம்தான் வாய் திறக்கிறது. இந்த ஊர்ப் பாறைகள், நடுவில் நிறுத்தி வைக்கப்பட்ட சினிமா!

அப்படியும் எல்லாம் தெரிந்துவிடவில்லை. பாறை விளிம்புகளில் வரிசையாகச் சின்னச் சின்னக் குழிகள் இருக்கும். மர ஆப்பு வைத்துத் தண்ணீர் ஊற்றி, மரம் ஊறிப் பருத்ததும் பாறை பிளந்தது என்பார் ஒருவர். இல்லை, இரும்பு ஆப்புதான் என்பார் இன்னொருவர். அன்றைக்கு யாராவது ஒருவன் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்து எழுதி வைத்திருந்தால் இந்த வாக்குவாதமே இல்லை.

பெரியவர் போட்ட கண்டிஷன்

மாமல்லபுரத்தில் அரசு கட்டடக்கலை மற்றும் சிற்பக்கலைக் கல்லூரி 1957-ல் ஆரம்பமானது. வைத்தியநாத ஸ்தபதி அதற்குத் தலைமை ஏற்றார். பிறகு அவர் மகன் கணபதி ஸ்தபதி. கன்னியாகுமரியில் 133 அடி உயரத்துக்கு வள்ளுவரை நிறுத்தியவர் இவர்தான். 2000 ஜனவரி முதல் தேதி திறப்பு விழா. இவர்களிடமும் இவர்களுக்குப் பின்னும் படித்தவர்கள் பட்டறை போட்டு, அந்தப் பட்டறைகளில் இன்னும் பலர் கற்றுக்கொண்டு, ஊரே உளிச் சத்தமாகிவிட்டது. 2015-ல் உலகக் கைவினைக் கவுன்சில், கற்சிற்பத்துக்கான உலகக் கைவினை நகரம் என்று மாமல்லபுரத்தை அறிவித்தது. 2017-ல் மாமல்லபுரம் கற்சிற்பத்துக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது.

பட்டம், குறியீடு எல்லாம் சரி. நாங்கள் போன பட்டறை, ரோட்டோரம் தென்னை ஓலைப் பந்தல். அறுபதைத் தாண்டிய ஒரு பெரியவர். பாதி முடிந்த ஒரு பிள்ளையார். எங்கள் டிரைபாடைப் பார்த்ததும் பெரியவர் முகத்தில் ஒரு சலிப்பு.

"எந்த டி.வி. தம்பி?"

"டி.வி. இல்லீங்க ஐயா. நாங்க கல்பாக்கத்துல வேலை பாக்கறோம். சும்மா..."

"சும்மாவா? சும்மா எடுக்கறவங்கதான் தம்பி ஜாஸ்தி. வெளிநாட்டுக்காரன் வந்து எடுத்தான். காலேஜ் பசங்க வந்து எடுத்தாங்க. கல்யாண வீடியோக்காரன் பொண்ணு மாப்பிள்ளையை இங்க நிக்க வெச்சு எடுத்தான். எடுத்ததை ஒருத்தனாவது கொண்டாந்து காமிச்சானா கேளுங்க!"

கேட்கவே வேண்டியதில்லை. முகமே சொன்னது. அவரைப் பற்றி உலகத்தில் எங்கெங்கோ படம் இருக்கிறது, அவர் பார்த்ததில்லை. நம் கல்யாண ஆல்பத்தை ஊரெல்லாம் பார்த்து, நமக்கு மட்டும் காட்டாவிட்டால் எப்படி இருக்கும்?

பெரியவர் மூன்று கண்டிஷன் போட்டார். ஒன்று, எடுத்ததை அவருக்குப் போட்டுக் காட்ட வேண்டும். இரண்டு, 'இப்படித் திரும்புங்க, அப்படிச் சிரிங்க' என்று சொல்லக்கூடாது. அவர் பாட்டுக்கு வேலை செய்வார். மூன்று, எங்களால் வேலை நின்றால் அந்த நேரத்துக்குக் கூலி.

மூன்றாவதைக் கேட்டதும் அக்கவுன்ட்ஸ் நண்பர் லேசாக நெளிந்தார். தொழில் பழக்கம். ஆனால் யோசித்துப் பாருங்கள். நாம் ஒரு நாள் போகவில்லை என்றால் சி.எல். ஒன்று கழியும். அவர் ஒரு நாள் உளி பிடிக்கவில்லை என்றால் அரிசி கழியும். கலைஞரைக் கௌரவிப்பது என்றால் பொன்னாடை போர்த்துவது மட்டும் இல்லை.

புல்லாங்குழல் கூடாது

முதல் ஞாயிற்றுக்கிழமை முடிந்ததும் எங்கள் கம்பெனிக்குள் பெரிய சண்டை. ஸ்டோர்ஸ் நண்பர் ஆரம்பத்தில் சூரிய உதயம் வேண்டும் என்றார். அப்புறம் அலை. அப்புறம் புல்லாங்குழல். "கைவினைப் படம்னா புல்லாங்குழல் இல்லாம எப்படி சார்?" நியாயம்தான். நம் நாட்டில் குயவர், கொல்லர், தச்சர் யாரைப் படம் பிடித்தாலும் பக்கத்திலேயே ஒருவர் புல்லாங்குழல் வாசித்துக்கொண்டிருக்கிறார். அவர் யார் என்று யாரும் கேட்டதில்லை.

இந்த விஷயத்தில் ஜெர்மன்காரர்கள் கறார். கோட்டிங்கன் நகரத்தில் இருந்த விஞ்ஞானத் திரைப்பட நிறுவனம், 1952-ல் 'சினிமா கலைக்களஞ்சியம்' என்று ஒன்றை ஆரம்பித்தது. ஒரு படத்தில் ஒரே ஒரு வேலை. கூடை பின்னுவதா, அது மட்டும். அலங்காரம் கிடையாது, இசையைச் சேர்ப்பதில்லை, உபதேசம் கிடையாது. இப்படி உலகம் முழுக்கச் சுற்றி ஆயிரக்கணக்கில் எடுத்துக் குவித்தார்கள். பார்க்கக் கொஞ்சம் பொறுமை வேண்டும் என்பது வாஸ்தவம். ஆனால் நாளைக்கு அந்தக் கூடையைப் பின்ன ஆள் இல்லை என்றால், படத்தைப் பார்த்து முதல் முடிச்சிலிருந்து ஆரம்பிக்கலாம். அந்த நிறுவனத்தை 2010-ல் மூடிவிட்டார்கள். படங்களை மூடவில்லை, ஹனோவர் நகரத்துத் தொழில்நுட்ப நூலகத்துக்கு அவை போய்ச் சேர்ந்தன. ரெஜிஸ்டர் ஜாதி அங்கேயும் உண்டு!

இதற்கு நேர் எதிர் கட்சி, பெர்ட் ஹான்ஸ்ட்ரா என்ற டச்சுக்காரர். 1958-ல் 'கிளாஸ்' என்று பத்து நிமிஷத்துச் சொச்சத்துக்கு ஒரு படம் எடுத்தார். லீர்டாம் ஊர்க் கண்ணாடித் தொழிற்சாலையில் கன்னம் புடைக்க ஊதுகிறவர்கள் ஒரு பக்கம். பாட்டில் தள்ளுகிற மெஷின் இன்னொரு பக்கம். ஊதுகிறவர்களின் கைக்கும் வாய்க்கும் ஏற்றபடி ஜாஸ் இசை. (அது அவர்கள் ஊர்ப் புல்லாங்குழல்.) மெஷின் பக்கத்தில் ஒரு பாட்டிலின் கழுத்து உடைந்து சிக்கிக்கொள்ளும். மெஷினுக்கு அது தெரியாது. அடுத்தடுத்து வருகிற பாட்டிலெல்லாம் மோதி உடையும். கடைசியில் மனுஷக் கை ஒன்று வந்துதான் எடுத்துவிட வேண்டியிருக்கும். ஒரு வார்த்தை வசனம் இல்லாமல் மெஷினுக்கும் கைக்கும் உள்ள வித்தியாசத்தைச் சொல்லிவிட்டார். ஆஸ்கரும் வாங்கிவிட்டார்.

எங்களுக்குள் ஒரு சமரசம் ஆயிற்று. சூரிய உதயம், ஓகே. புல்லாங்குழல், கட். காரணம் ரசனை இல்லை. பெரியவரின் வேலையில் பாதி, சத்தத்தில் இருக்கிறது.

கண் பார்க்காததைக் காது பார்க்கும்

கல்லைத் தேர்வு செய்வதே தட்டிப் பார்த்துத்தான். ஆண் கல், பெண் கல், இரண்டும் இல்லாத நபும்சகக் கல் என்று சிற்ப சாஸ்திரம் பிரிக்கிறது. மணிபோல ஒலித்தால் ஆண் கல், தெய்வத் திருமேனிகளுக்கு. இன்னும் மென்மையாக ஒலித்தால் பெண் கல், அம்மனுக்கு. ஓசையே எழும்பாத கல் சிலைக்கு ஆகாது. தரைக்கும் அடித்தளத்துக்கும் போகும். உள்ளே விரிசல் இருந்தால் 'டங்' என்பது 'டொக்' ஆகிவிடும். வெளியே பளபளவென்று இருக்கும் கல், உள்ளே கதை வைத்திருக்கும். நம் ஆபீஸில் சில பேர் மாதிரி.

"இது எப்படி இருக்கு?" என்று பெரியவர் ஒரு கல்லைத் தட்டினார். "டங்" என்றேன். இன்னொன்று. அதுவும் எனக்கு "டங்". பெரியவர் சிரித்தார். "ரெண்டாவது ஊமை. கேக்கலியா?" கேட்கவில்லை. ஆனால் செல்போனில் பதிவு செய்து, ராத்திரி காதில் மாட்டிக்கொண்டு இரண்டையும் மாற்றி மாற்றிப் போட்டபோது, பத்தாவது தடவை வித்தியாசம் பிடிபட்டது. இந்த இடத்தில் புல்லாங்குழல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்?

கல்லைச் சரிபண்ணியதும் செங்காவிக் கோடு. நட்ட நடுவில் மேலிருந்து கீழாக ஒரு கோடு. அதற்கு பிரம்ம சூத்திரம் என்று பெயர். அதிலிருந்துதான் இடமும் வலமும் பிறக்கின்றன. அப்புறம் தாலக் கணக்கு. மூல தெய்வங்களுக்கு உத்தம தச தாலம்: மொத்த உயரம் 124 பங்கு. அம்மனுக்கு மத்திம தச தாலம்: 120. பிள்ளையாருக்கு பஞ்ச தாலம், குட்டையும் குண்டுமாக. சுவாமிமலையில் வெண்கலச் சிலை வார்க்கிறவர்கள் தென்னை ஓலைக் கீற்றை மடித்தே இந்தப் பங்குகளைக் கண்டுபிடித்துவிடுவார்கள். எந்த பாகம் எத்தனை பங்கு என்பதற்கு நூல் இருக்கிறது. கணபதி ஸ்தபதியே 'சிற்பச் செந்நூல்' எழுதியிருக்கிறார். ஆனால், கணக்கு நூலில் இருக்கும். கணுக்கால் வளைவு கையில்தான் இருக்கும். அதைப் பிடிக்கத்தான் கேமரா.

பெரியவர் வேலையை ஸ்லோ மோஷனில் எடுத்துப் பார்த்தோம். கற்றுக்குட்டி சுத்தியலைப் பார்க்கிறான். எங்கே விரலில் விழுமோ என்ற பயம். பெரியவர் உளியின் தலையைப் பார்ப்பதே இல்லை. பார்வை முழுக்க நுனியில். அடி தானாக வந்து தலையில் விழுகிறது. நாலைந்து அடிக்கு ஒருமுறை இடது கை உளியை லேசாக உருட்டித் திருப்புகிறது.

"ஏன் ஐயா திருப்பறீங்க?"

"திருப்பறேனா?" என்றார். செல்போனை வாங்கி மூன்று முறை பார்த்தார். "அட, ஆமா! எங்க வாத்தியார் இப்படித்தான் பண்ணுவாரு."

இதுதான் விஷயம். அவர் வாயால் சொல்லிக்கொடுக்க முடியாதது அது. ஏனென்றால், தான் அதைச் செய்வதே அவருக்குத் தெரியாது. வாத்தியார் கையிலிருந்து அவர் கைக்கு, வார்த்தை வழியாக இல்லாமல் வந்த சொத்து.

"படத்தைப் பாத்தே கத்துக்கலாமா ஐயா?"

"ஏன், நல்லா கத்துக்கலாமே! நான் மொத ரெண்டு வருஷம் பட்டறையைப் பெருக்கினேன். அப்புறம் உளி காய்ச்சினேன். இந்த போன் இருந்திருந்தா வெளக்குமாறு மிச்சம்!"

கிண்டல்தான். ஆனால் உளி காய்ச்சுவதைக் கவனியுங்கள். கருங்கல்லில் உளி சீக்கிரம் மழுங்கும். உலையில் பழுக்கக் காய்ச்சி, நுனியைத் தட்டி, தண்ணீரில் தோய்த்து எடுக்க வேண்டும். எந்த நிறத்தில் எடுப்பது, எவ்வளவு ஆழம் தோய்ப்பது என்பதில்தான் சூட்சுமம். அதிகமானால் நுனி பொட்டென்று உடையும், குறைந்தால் வளையும். கேமரா நிறத்தைப் பிடிக்கும், சூட்டைப் பிடிக்காது. அடியின் தாளத்தைப் பிடிக்கும், கனத்தைப் பிடிக்காது. படம் வாத்தியாருக்கு மாற்று இல்லை. வாத்தியார் போன பிறகு மிஞ்சுகிற நோட்ஸ். பரீட்சைக்கு முதல் நாள் நோட்ஸ் இல்லாமல் தவித்தவர்களுக்கு அதன் அருமை தெரியும்.

பொடி

இப்போது கொஞ்சம் சிரிப்பை நிறுத்திக்கொள்வோம்.

அந்தப் பந்தலுக்கு நாலு பட்டறை தள்ளி, உளிச் சத்தமே இல்லை. 'ர்ர்ர்ர்' என்று ஒரே இரைச்சல். மின்சார கட்டிங் மெஷின். வெள்ளை மேகத்துக்கு நடுவில் இருபது வயதுப் பையன் ஒருவன், மூக்கில் கட்டிய கைக்குட்டையோடு. உளியில் நாள்கணக்காகும் வேலை மெஷினில் மணிக்கணக்கில் முடிகிறது. கடைக்காரருக்குச் சின்னப் பிள்ளையார் நூறு வேண்டும்; விலையும் மலிவாக வேண்டும். பையனைக் குறை சொல்ல நமக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? பேரம் பேசி வாங்குவது நாம்தானே.

கருங்கல் பொடியில் சிலிக்கா இருக்கிறது. மெஷின் பிளேடு அதை மாவாக அரைத்துக் காற்றில் விடுகிறது. மூச்சில் போன நுண்துகள் நுரையீரலில் தழும்பு போடும். சிலிகோசிஸ் என்று பெயர். வந்துவிட்டால் போகாது, வராமல் தடுக்கலாம். தண்ணீர் விட்டு அறுப்பது, பொடியை உறிஞ்சும் கருவி, ஒழுங்கான முகக்கவசம். கைக்குட்டை போதாது.

இதையும் எடுத்தோம். "இது எதுக்கு சார், அசிங்கமா புகை மூட்டமா?" என்றார் ஸ்டோர்ஸ் நண்பர். பெரியவர்தான் குறுக்கிட்டார். "எடுங்க தம்பி. சூரியன் வர்றத மட்டும் எடுத்துட்டுப் போனா, எம் பையன் ஏன் இந்தத் தொழிலுக்கு வரலேன்னு எப்படித் தெரியும்?" அவர் மகன் ஓ.எம்.ஆரில் ஒரு கம்பெனியில் இருக்கிறார். ஏ.சி. ரூம். பெரியவருக்கு அதில் வருத்தமும் உண்டு, நிம்மதியும் உண்டு. இரண்டும் ஒரே வாக்கியத்தில் வந்தன. அதுவும் படத்தில் இருக்கிறது.

கேமராவை மூடுகிற நேரம்

எங்களுக்கு முன்னால் பெரிய கைகள் இதைத் தொட்டிருக்கின்றன. டைரக்டர் கே.பாலசந்தரின் மகன் பாலா கைலாசம், தென்னிந்தியச் சிற்ப மரபைப் பற்றி 'வாஸ்து மரபு' என்று ஒரு டாகுமென்டரி எடுத்தார். பாலா கைலாசம் 2014-ல் காலமானார். கணபதி ஸ்தபதி 2011-லேயே போய்விட்டார். எடுத்தவர் இல்லை, அந்த மரபின் பெரிய தலையும் இல்லை. படம் இருக்கிறது.

மாமல்லபுரத்துக்கு வடக்கே முட்டுக்காட்டில், மெட்ராஸ் கிராஃப்ட் ஃபவுண்டேஷன் 1996-ல் திறந்த தக்ஷிணசித்ராவில், கைவினைஞர்கள் நம் கண் முன்னாலேயே உட்கார்ந்து வேலை செய்கிறார்கள். ஜப்பானில் 1950-ல் கொண்டுவந்த கலாசாரச் சொத்துச் சட்டத்தின் கீழ், கைத்தொழில் மேதைகளை 'வாழும் தேசியச் செல்வம்' என்று அங்கீகரித்து வருஷாவருஷம் பணமும் கொடுக்கிறார்கள்; அவர்கள் வேலையைப் பதிவு செய்வதும் அந்த ஏற்பாட்டில் சேர்த்தி. லண்டன் பிரிட்டிஷ் மியூசியம் 2018-லிருந்து, அழிந்துவரும் கைத்தொழில் அறிவைப் படமாக்குகிறவர்களுக்கு நிதி கொடுத்து, அந்தப் படங்களை யாரும் இலவசமாகப் பார்க்கும்படி வைக்கிறது. ஒரு காலத்தில் சிலையை எடுத்துக்கொண்டு போனவர்கள், இப்போது செய்முறையைச் சேகரிக்கிறார்கள். முன்னேற்றம்தான்!

ஆனால் எல்லாவற்றையும் எடுத்துவிட வேண்டும் என்று ஒரு வெறி வரும் பாருங்கள், அதற்கும் ஒரு மருந்து பெரியவரிடம் இருந்தது. சிலை முடிந்ததும் கண் திறப்பது ஒரு சடங்கு. தங்க ஊசியால் ஸ்தபதி கண்ணைத் திறப்பார். திரை போட்டிருக்கும்.

"அதை எடுக்கலாமா ஐயா?"

"வேணாம் தம்பி."

காரணம் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை. 'இந்த இடத்தில் கேமரா நிறுத்தப்பட்டது' என்று குறிப்பு எழுதிக்கொண்டோம். ஒரு தொழிலின் ஞானத்தில், எதை வெளியே காட்டக்கூடாது என்பதும் அடக்கம்.

உங்கள் ஊர் ஆசாமி

நாலு மாசத்தில் பதினான்கு ஞாயிற்றுக்கிழமை. ஒரு நாள் பந்தலிலேயே வேட்டியைக் கட்டி, அக்கவுன்ட்ஸ் நண்பர் எங்கிருந்தோ இரவல் வாங்கி வந்த புரொஜெக்டரில் போட்டோம். பக்கத்துப் பட்டறைக்காரர்கள் எல்லாம் வந்து உட்கார்ந்தார்கள். யாரும் முறுக்கு வாங்கக் கிளம்பவில்லை. கட்டிங் மெஷின் பையன், உளி திரும்புகிற இடம் வந்ததும் "மறுபடி போடுங்கண்ணா" என்றான். மறுபடி போட்டோம். அவன் கை, மடியில் இருந்தபடியே லேசாகத் திரும்பிக்கொண்டிருந்தது.

நீங்களும் செய்யலாம். செல்போன் இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை இருக்கிறது. உங்கள் தெருவிலேயே ஒரு ஆசாமி இருப்பார். பித்தளைக்கு ஈயம் பூசுகிறவர், தறிக்குக் கோறைப்புல் கிழிக்கிறவர், நாயனம் கடைகிறவர். எங்கள் கடற்கரையில் கட்டுமரம் கட்டத் தெரிந்த கைகள் ஊருக்கு ஊர் இருந்தன. 2004 சுனாமிக்குப் பிறகு நிவாரணமாக ஃபைபர் படகுகள் வந்து இறங்கின. நல்ல விஷயம்தான். ஆனால் எந்த மரத்தை எந்தப் பக்கம் சீவி, கயிற்றை எப்படி இறுக்கினார்கள் என்று கேட்டால், பதில் சொல்கிறவர்களுக்கு எழுபது வயசு.

எங்கள் அனுபவத்தில் சில விஷயங்கள்:

முகத்தை எடுக்காதீர்கள், கையை எடுங்கள். முகத்துக்கு ஆதார் இருக்கிறது.

அவர் தோளுக்குப் பின்னால் கேமராவை வையுங்கள். எதிரே நின்றால் பார்வையாளன். பின்னால் நின்றால் மாணவன்.

ஒரு வேலையை ஆரம்பத்திலிருந்து முடிவு வரை வெட்டாமல் ஒருமுறை எடுங்கள். அழகான மூன்று நிமிஷப் படத்தைப் பிறகு செய்துகொள்ளலாம். முழுசை அழித்துவிடாதீர்கள், இரண்டு இடத்தில் பத்திரப்படுத்துங்கள்.

கருவிக்கு அவர் என்ன பெயர் சொல்கிறாரோ அதையே எழுதுங்கள். அகராதியைப் பார்த்துத் திருத்தாதீர்கள்.

தப்பு நடந்தால் கேமராவை நிறுத்தாதீர்கள். உடைந்த உளியை அவர் எப்படிச் சரி செய்கிறார் என்பது, உடையாத உளியைவிட நல்ல பாடம்.

கேட்டுவிட்டு எடுங்கள். வேலை கெட்டால் கூலி கொடுங்கள். எடுத்ததைக் கொண்டுபோய்க் காட்டுங்கள்.

கடைசியாகப் பார்த்தபோது பெரியவர் ஒரு நந்திக்குக் கோடு போட்டுக்கொண்டிருந்தார். செங்காவி தோய்த்த நூலின் ஒரு முனையைப் பிடித்துக்கொள்ள ஆள் வேண்டியிருந்தது. கட்டிங் மெஷின் பையன் வந்து பிடித்துக்கொண்டான். பெரியவர் நூலை இழுத்துச் சுண்டினார். கல்லின் நடுவில் சிவப்பாக ஒரு கோடு விழுந்தது.